ஒன்பதாவது வரி

ஒன்பதாவது வரியில் பென்சில் நின்றது.

என் மனைவி முப்பத்தொரு வருஷம் அச்சகத்தில் பிழை திருத்தியவள். அவள் பென்சில் ஓரிடத்தில் நின்றால் அங்கே ஏதோ செத்துக் கிடக்கிறது என்று அர்த்தம். மாதத்தின் முதல் ஞாயிறு காலையில் சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து, கார்டு ஸ்டேட்மெண்டை அச்சக முறைப்படி ஒப்புநோக்குவது எங்கள் வீட்டு வழக்கம். நான் ரசீதுகளை ஒவ்வொன்றாக எடுத்து உரக்க வாசிக்க வேண்டும். அவள் தன் முன்னால் இருக்கும் தாளில் அந்த வரியைக் கண்டுபிடித்து எண்ணுக்கு எண் டிக் போடுவாள். வாசிப்பவர் தாளைப் பார்க்கக் கூடாது, டிக் போடுபவர் ரசீதைப் பார்க்கக் கூடாது. ஒருத்தர் குரலை இன்னொருத்தர் நம்பினால்தான் இந்த வேலை நடக்கும் என்பாள். என் குரலை அவள் நம்புவது மாதத்தில் அந்த அரைமணி நேரம் மட்டும்தான்.

அதற்கு அவளைக் குறை சொல்ல முடியாது. நான் லிஃப்ட் மெக்கானிக். நாற்பது வருஷம் இருட்டுக் குழிக்குள் கம்பியைப் பிடித்துத் தொங்கியவனுக்குப் பொழுது போக வேண்டாமா? பதினாறாவது மாடிக்குப் போன லிஃப்ட் பதினேழாவது மாடியில் திறந்ததையும், அந்தக் கட்டடத்துக்குப் பதினேழாவது மாடியே கிடையாது என்பதையும் கல்யாணமான இரண்டாம் வாரமே அவளுக்குச் சொன்னவன். கம்பெனியில் எனக்குப் பெயரே கதைமூட்டை. அவளும் கோபம் இல்லாத நாட்களில் அப்படித்தான் கூப்பிடுவாள்.

அன்று அப்படிக் கூப்பிடவில்லை. "என்னங்க, கோல்டன் ஹெரான் லெஷர்னா என்ன?" என்றாள்.

தெரியாது என்றேன். பதினெட்டாயிரத்து நானூறு என்றாள். ரசீது இருக்கிறதா என்று கேட்டாள். இல்லை. பதினான்காம் தேதி, வியாழக்கிழமை. நான் வாயைத் திறப்பதற்குள் ஃபோனில் தேடிவிட்டாள். ஏரிக்கரையில் ஒரு ஓட்டல். படத்தில் ஒரு ஜன்னல், அதன் முன்னால் இரண்டு நாற்காலிகள், இரண்டு கோப்பைகள். அந்தப் படத்தை அவள் பெரிதாக்கிப் பார்த்த விதத்தில், கோப்பையின் விளிம்பில் என் உதட்டைத் தேடினாள் என்று தோன்றியது.

உடனே வங்கியைக் கூப்பிட்டோம். கார்டை நிறுத்தினார்கள். புதன்கிழமை அதிகாரி பேசுவார், விவரங்களைத் தயாராக வைத்திருங்கள் என்றார்கள். அந்த மூன்று நாளும் வீட்டில் நேரத்துக்கு டீ வந்தது, பேச்சு வரவில்லை.

செவ்வாய் சாயங்காலம் துணி மடித்துக்கொண்டே, என் பக்கம் திரும்பாமல் கேட்டாள். "பதினாலாம் தேதிதானே நீங்க லிஃப்ட்ல மாட்டிக்கிட்டது?"

அதேதான். அன்று மூன்று மணி நேரம் தாமதமாக வீட்டுக்கு வந்திருந்தேன். பழைய கூட்டாளி ஒருவனைப் பார்க்கப் போன இடத்தில் ஐந்துக்கும் ஆறுக்கும் நடுவில் லிஃப்ட் நின்றுவிட்டதென்றும், உள்ளே என்னோடு ஒரு வக்கீலும் ஒரு வாத்தும் இருந்ததென்றும், பயத்தில் வாத்து முட்டை போட்டுவிட, முட்டை யாருக்குச் சொந்தம் என்று வக்கீல் இரண்டு மணி நேரம் வாதாடினார் என்றும் சொல்லியிருந்தேன். அவள் கண்ணில் நீர் வரச் சிரித்தாள். ஃபோன் செய்து மகளுக்கும் சொன்னாள்.

"உங்க வாத்து முட்டை போட்ட அதே நேரத்துல, உங்க கார்டு ஏரிக்கரையில ரெண்டு பேருக்கு ரூம் போட்டிருக்கு," என்றாள். ஒரு சட்டையை நான்கு தடவை மடித்துப் பிரித்தாள்.

உண்மையில் அன்று நான் ஆஸ்பத்திரியில் இருந்தேன். இரண்டு மாதமாக ராத்திரியில் விடாத இருமல். ஸ்கேன் எடுத்தார்கள். டாக்டர் படத்தை வெளிச்சத்தில் மாட்டி, வலது நுரையீரலின் அடியில் பேனாவால் ஒரு வட்டம் போட்டார். கோலிக்குண்டு அளவில் ஒரு நிழல். ஊசி வைத்துத் துளி சதை எடுத்துப் பார்த்தால்தான் என்னவென்று சொல்ல முடியும் என்றார். என் மச்சானுக்கும் இப்படி ஒரு வட்டத்தில்தான் ஆரம்பித்தது. பதினொரு மாதம் தன் அண்ணனுக்கு ஸ்பூனால் ஊட்டியவள் என் மனைவி. அந்த ஸ்பூனை அவள் இன்னும் தனியாகத்தான் வைத்திருக்கிறாள். ஊசி போடும் இந்த வார வெள்ளிக்கிழமை வரைக்குமாவது அவள் வாத்தை நினைத்துச் சிரித்துக்கொண்டிருக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

புத்திசாலித்தனமாக வேறு நடந்துகொண்டேன். கார்டில் கட்டினால் ஸ்டேட்மெண்டில் வரும், அவள் பென்சில் மோப்பம் பிடித்துவிடும் என்று ரொக்கமாகக் கட்டினேன். வீட்டுக்கு ஃபோன் வந்துவிடக் கூடாதே என்று கவுண்டரில் பெயரையும் மாற்றிச் சொன்னேன். சட்டென்று வாயில் வந்தது என் பழைய ஃபோர்மேன் பெயர். அவர் செத்து ஒன்பது வருஷம் ஆகிறது. ஆகவே ஆஸ்பத்திரிக் கணக்குப்படி நிழல் விழுந்திருப்பது ஃபோர்மேனுக்கு. அன்று நான் எங்குமே இல்லை.

ஒரே ஒரு சாட்சி இருந்தது. ஆஸ்பத்திரி பார்க்கிங் சீட்டு. என் வண்டி நம்பர், தேதி, நேரம் மூன்றும் அச்சான துண்டுத் தாள். அதன் முதுகில் நர்ஸ் ஏதோ எழுதிக் கொடுத்திருந்ததால், எறியாமல் டி.வி.க்குக் கீழே இருக்கும் கேபிள் பெட்டிக்கு அடியில் செருகி வைத்திருந்தேன்.

புதன்கிழமை பதினொரு மணிக்கு ஃபோன் வந்தது. மனைவி அதை ஸ்பீக்கரில் போட்டு மேஜை நடுவில் வைத்தாள். பக்கத்தில் ஸ்டேட்மெண்ட், பென்சில், பூதக்கண்ணாடி. வங்கியிலிருந்து பேசிய பெண்ணுக்கு இளம் குரல். கார்டு எங்கே இருந்தது என்று கேட்டாள். என் பர்ஸில்தான் என்றேன். வீட்டில் வேறு யாராவது பயன்படுத்துவார்களா? இல்லை. கொஞ்ச நேரம் கீபோர்டு சத்தம் கேட்டது.

"சார், இது ஆன்லைன்ல போனது இல்ல. கார்டை மெஷின்ல தேய்ச்சு எடுத்திருக்காங்க. காப்பி கார்டா இருக்கலாம். ஆனா கார்டு உங்ககிட்டயே இருந்ததுன்னு வேற சொல்றீங்க. பதினொண்ணு அம்பத்திரெண்டுக்கு நீங்க வேற இடத்துல இருந்ததுக்கு ஏதாவது இருந்தா சுலபமா முடிஞ்சிடும். அந்த நேரத்துல எங்க இருந்தீங்க?"

மனைவி ஃபோன் பக்கம் குனிந்தாள்.

"லிஃப்ட்ல மாட்டிக்கிட்டாராம்மா. கூட ஒரு வாத்து இருந்துச்சாம்."

அந்தப் பெண் சிரிக்கவில்லை. எந்தக் கட்டடம், அங்கிருந்து ஒரு லெட்டர் வாங்கித் தர முடியுமா என்று கேட்டாள். பாவம், வாத்தையும் சேர்த்துக் குறித்துக்கொண்டிருப்பாள்.

மனைவி என்னைப் பார்த்தாள். நாற்பத்து மூன்று வருஷத்தில் எத்தனையோ பொய்யை அவள் முகத்துக்கு நேராகச் சொல்லியிருக்கிறேன். அத்தனையையும் பொய்யென்று தெரிந்தே வாங்கிக்கொண்டவள். அந்தப் பார்வையில் இப்போது தெரிந்துகொள்ளும் ஆசை இல்லை. தாளை மூடி வைத்துவிட்டு எழுந்து போய்விடுகிறவளின் முகம்.

நான் எழுந்தேன். கேபிள் பெட்டியைத் தூக்கினேன். மூன்று வாரம் இரவு பகலாக அது சூடாகவே இருந்திருக்கிறது; சீட்டோ சூடு பட்டால் கறுத்துவிடும் ரகத் தாள். சீட்டு என் கையில் வந்தபோது அடுப்புக் கரி போல இருந்தது. எழுத்து, எண், கோடு எதுவும் இல்லை. ஒரு கறுப்புத் தாள். அதைக் கொண்டுபோய் அவள் முன்னால் வைத்தேன்.

"ஆஸ்பத்திரியில இருந்தேன்," என்றேன். "இது பார்க்கிங் சீட்டு. கறுத்துப்போச்சு."

சொன்ன பிறகுதான் உறைத்தது. என் வாழ்நாளில் இவ்வளவு மட்டமான கதையை நான் சொன்னதே இல்லை. வாத்தாவது முட்டை போட்டது.

அவள் சீட்டை எடுத்து முகத்துக்கு நேராகப் பிடித்தாள். பிறகு திருப்பினாள். முதுகுப்பக்கம் கறுக்கவில்லை. நீல பால்பாயிண்டில், வளைந்த சின்ன எழுத்தில் மூன்று வரி. பூதக்கண்ணாடி தேவைப்படாத எழுத்து. இருந்தும் அதை வைத்துத்தான் படித்தாள். வெள்ளி காலை எட்டு மணி. வெறும் வயிறு. துணைக்கு ஒருவர் கட்டாயம் வர வேண்டும்.

"இது உங்க கையெழுத்து இல்ல," என்றாள் மெதுவாக.

"இல்ல."

"எங்க?"

என் வலது விலாவைத் தொட்டுக் காட்டினேன். அவள் கண் அந்த இடத்திலேயே கொஞ்ச நேரம் நின்றது. ஒன்பதாவது வரியில் பென்சில் நின்றது போல.

"சார், லைன்ல இருக்கீங்களா?" என்றது ஃபோன்.

"ஒரு நிமிஷம்மா," என்றாள் என் மனைவி. சீட்டை மறுபடி கறுத்த பக்கத்துக்குத் திருப்பி மேஜைமேல் வைத்து, உள்ளங்கையால் நீவினாள். நாற்காலியை ஜன்னல் வெளிச்சத்துக்கு இழுத்துப் போட்டுக்கொண்டாள். பென்சிலை எடுத்தாள்.

"வாசிங்க," என்றாள். "வண்டி நம்பர்லேர்ந்து ஆரம்பிங்க. நிதானமா."

விதிப்படி நான் தாளைப் பார்க்கவில்லை. ஜன்னலைப் பார்த்துக்கொண்டு வண்டி நம்பரைச் சொன்னேன். தேதியைச் சொன்னேன். பதினொன்று நாற்பது என்றேன். இருமல் வந்தது, அடக்கிக்கொண்டு திரும்பவும் சொன்னேன். மேஜையில், ஒன்றுமே இல்லாத அந்தக் கறுப்பின் மேல், ஒவ்வொரு எண்ணுக்கும் அவள் பென்சில் டிக் போடும் சத்தம் கேட்டது.