எல்முரோத் கடித்த ரொட்டி

...சரி, கடித்தான், கடித்ததனால் என்ன மாறியது, அதைச் சொல்லித் தொலை முதலில், என்று தோல்கின் தன்னையே அதட்டிக்கொண்டார், எதிரே மேசைமேல் அந்த ரொட்டி, கல்லாய்க் காய்ந்து, ஓரத்தில் பிறைபோல ஒரு கடியோடு, இங்கே நீதிபதி நீயா நானா என்று பார்த்துக்கொண்டு கிடந்தது. கடந்த காலத்துக்குப் போய் அதில் கைவைத்தவர்களை விசாரிக்கிற கோகந்தின் காலக்குற்ற நீதிமன்றத்துக்கு வழக்கமாய் வருகிறவர்கள் வேறு மாதிரி, தன் கல்யாணத்துக்கே திரும்பிப் போய் இரண்டாம் தடவை புலாவ் தின்றுவிட்டு வந்தவன், தன் கல்யாணத்தையே நிறுத்தப் போன இன்னொருவன், போய்ப் பார்த்தால் அவன் பெண்டாட்டி அதே காரியமாக முன்னாடியே வந்து நிற்கிறாள்... அதிலெல்லாம் தீர்ப்பு சுலபம், சிரிப்பை அடக்குவதுதான் பாடு. இதில் சிரிப்பே வரவில்லை, தீர்ப்பும் வரவில்லை. வெளியூர் போகிறவன் வாசலில் ஒரு வாய் ரொட்டி கடித்துவிட்டுப் போகவேண்டும், மிச்சம் ஆணியில் தொங்கி அவனைத் திரும்பக் கூப்பிடும், வந்து அவன்தான் தின்று முடிக்கவேண்டும், இது யாருக்குத் தெரியாது, தோல்கின் பட்டாளத்துக்குப் போனபோது கடித்துவைத்ததை எலி தின்றுவிட்டது, அதனால்தான் அரை ஆளாய்த் திரும்பி வந்தேன் என்று இன்றைக்கும் சொல்லிக்கொள்வார். ஆனால் எதிரே பெஞ்சில் உட்கார்ந்திருக்கிற இந்தச் சதோகத் அம்மாளின் மகன் எல்முரோத், ரஷ்யாவுக்குக் கட்டட வேலைக்குப் போன அன்று பஸ்ஸைப் பிடிக்கிற அவசரத்தில் கடிக்காமலே ஓடிவிட்டான், முதல் குளிர்காலத்தோடு போனும் நின்றது, உயிரோடு இருக்கிறானா என்றுகூடத் தெரியாது.

அதற்கு அவள் என்ன செய்தாள், பார்க்க மட்டும் என்று அனுமதி வாங்கிக்கொண்டு அந்தக் காலைக்கே போய், வாசலில் அவன் வாயில் ரொட்டியைத் திணித்துவிட்டாள். திரும்பி வந்தால் வீட்டுச் சுவரில் கடிபட்ட ரொட்டி, இத்தனை வருஷமாய் அங்கேயே தொங்கினதுபோல! சும்மா இருந்தாளா, பக்கத்து வீட்டு விருந்தில் பெருமையடித்து மாட்டிக்கொண்டாள். “அவன் என்னம்மா சொன்னான்?” என்று கேட்டார் தோல்கின், கேட்க வேண்டிய கேள்வியே இல்லை, ஆசை, அவ்வளவுதான். “ஒரே ராத்திரியில இப்படிக் கிழவி ஆயிட்டியேம்மா, நான் போறேன்னுதானா, அப்படின்னான் தம்பி, வாய் நிறைய ரொட்டியோட.”

தம்பியாமே... நீதிபதியைத் தம்பி என்கிறவளை என்ன செய்வது. சட்டம் சொல்கிறது, ஒரு உயிரின் போக்கு மாறியிருந்தால்தான் குற்றம், மாறியிருந்தால் காவலர் ஒருவர் அந்தக் காலைக்குப் போய் அவன் வாய்க்குப் போகுமுன் ரொட்டியைப் பிடுங்கிவிடவேண்டும். குற்றம் இல்லை என்று எழுதினால் இவள் வீட்டுக்குப் போகலாம், ஆனால் அதற்கு, அம்மா, உன் ரொட்டியால் ஒன்றும் ஆகவில்லை, அவன் வரமாட்டான் என்று இந்த முகத்தைப் பார்த்துச் சொல்லவேண்டும். குற்றம் என்றால் ரொட்டிக்கு வேலை இருக்கிறது, அவன் வந்தாலும் வருவான் என்று அரசாங்க முத்திரையோடு ஒப்புக்கொண்டாகிவிட்டது, கையோடு அந்த வேலையையும் கெடுத்தாகவேண்டும்... விடுதலையில் பிள்ளை போகிறான், தண்டனையிலும் பிள்ளை போகிறான், இந்தச் சட்டத்தை எழுதினவன் ரொட்டியே தின்றதில்லையா? அவன் கிடக்கட்டும், நீ என்ன நினைக்கிறாய் தோல்கின், படித்தவன் நீ, காய்ந்த மாவுக்கு ஒரு ஆளை இழுத்துவருகிற தெம்பு உண்டா? இல்லை என்று சொல்லத்தான் வாயைத் திறந்தார், வந்தது வேறு.

“வந்தாத்தானே மாறிச்சா மாறலையான்னு தெரியும், அவன் வர்ற வரைக்கும் வழக்கு ஒத்திவைப்பு” என்றார். குமாஸ்தா ஹுரிநிசோ நிமிர்ந்தாள். “வரலேன்னா, அண்ணே?” “வரலேன்னு யார் சொல்ல முடியும், நீ சொல்லுவியா?” “நான் எதுக்குச் சொல்றேன், எனக்கும் பிள்ளைங்க இருக்கு. ரொட்டியைப் பெட்டியில வச்சுப் பூட்டிடவா?” “பெட்டியிலயா! ஆணி இருக்கா பாரு.” சதோகத் பதறினாள், “இங்க மாட்டினா அவன் வீட்டுக்கு வராம இங்கயில்ல வந்து நிப்பான்?” “வரட்டுமே, சாட்சி சொல்ல ஆள் வேணும்ல” என்றார் தோல்கின், கெட்டிக்காரத்தனமாய்ப் பேசிவிட்டோம் என்ற நினைப்பு வேறு. சுவரில் தன் அப்பாவின் பழைய படத்துக்கு அடித்திருந்த ஆணியில், படத்தை எடுத்துவிட்டு, தானே நாற்காலிமேல் ஏறி ரொட்டியை மாட்டினார். அடுத்த வழக்கை எடுத்தார், புலாவ்காரனேதான், மூன்றாம் தடவையாம், உப்பு குறைவு என்று புகார் வேறு... வெளியே நடைவழியில் செருப்புச் சத்தம் கேட்டது, கனமான நடை, வெகுதூரம் நடந்துவந்த கால்போல. பெஞ்சில் சதோகத்தின் தலை திரும்பியது, ஹுரிநிசோவின் தலையும். அவர்கள் இரண்டுபேரும் திரும்பியது அவருக்கு எப்படித் தெரியும் என்றால், அதற்கு முன்பே அவர் வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.