கறிக்கு எடுத்த நண்டுக்கால்

“கொழும்பிலயும் கைவிட்டிட்டாங்கள் எண்டால் நான் இனிச் சாட்சிக் கூட்டில ஏற மாட்டன்—”

“ஆர் கைவிட்டது? கதையை முழுசாக் கேள், மார்கிறட்—”

“கேட்டது காணும். நீ வலையைப் பார்.”

இன்னும் விடியவில்லை. முல்லைத்தீவுக் கரையில், ஈர வலையை மடியில் போட்டு மார்கிறட்டும் ஸ்ரெல்லாவும் நண்டு கழற்றிக்கொண்டிருந்தார்கள். முள் கீறிய விரல்களில் உப்பு எரிந்தது. நண்டுச் சதை பிரிக்கும் தொழிற்சாலையில், களவெடுத்தாளென்று மார்கிறட்டை முதலாளி வேலையிலிருந்து நிறுத்தியிருந்தார். அவள் அப்படிப்பட்டவள் இல்லையென்று வாசலில் குந்திய ஸ்ரெல்லாவையும் மற்றப் பெண்களையும் சேர்த்தே நிறுத்தியிருந்தார்.

தொழில் நியாயசபையில் விசாரணை நடந்துகொண்டிருந்தது. “உடுப்புக்குள்ள என்ன வைச்சிருந்தனீர்?” என்று முதலாளியின் சட்டத்தரணி கேட்டார். பதில் சொல்லத்தான் வேண்டுமென்றார் சபைத் தலைவர். மார்கிறட்தான் அழுது, அந்தக் கேள்வியை மறிக்கக் கொழும்பு மேன்முறையீட்டு நீதிமன்றம்வரை எல்லோரையும் இழுத்தாள்.

“விசாரணைக்கு நடுவில, ஒரு கேள்விக்காக மேல் கோர்ட் கை வைக்காதாம்,” என்றாள் ஸ்ரெல்லா. “தீர்ப்பு வரட்டும், பிழையெண்டால் அப்ப எங்களை வரட்டாம். சரிதானே? கேள்விக்குக் கேள்வி நாங்கள் ஓடினால் முதலாளியும் ஓடுவார். பிறகு எங்கட விசாரணை எந்தக் காலத்தில முடியிறது?”

நண்டு ஏற்ற வந்த முதலாளியின் வாகனம் பக்கத்தில் நின்றது. கண்ணாடி இறங்கியது.

“என்ன பிள்ளையள், கொழும்பு பாத்தாச்சோ? மார்கிறட், வழக்கை விடும். கேள்வியும் இல்லை, வெட்கமும் இல்லை.”

“அவள் ஒண்டும் எடுக்கேல்லை, ஐயா,” என்றாள் ஸ்ரெல்லா.

“அதை அவ சொல்லட்டுமன்.”

“சொல்லுவாள். நீங்கள் வந்திருந்து கேளுங்கோ.”

வாகனம் போயிற்று. மார்கிறட்டுக்குக் காது மடல்வரை சுட்டது. வலையில் முறிந்த நண்டுக்கால்கள் தொங்கின. இந்தக் கரையில் அவை கழற்றுகிறவளின் கறிக்கு. யாரும் ஏனென்று கேட்பதில்லை.

“எடுத்தனான்,” என்றாள். “முறிஞ்ச கால்தான். கரையில எடுக்கிற மாதிரி அங்கயும் கை போயிட்டுது. காவலுக்கு நிண்டவன் உடுப்புக்குள்ள கைவிட்டு எடுத்தவன். நீங்கள் எனக்காக வாசலில குந்தினாப் பிறகு எந்த முகத்தோட சொல்லுறது?”

ஸ்ரெல்லாவின் கை நின்றது. “எங்களை விசரியளாக்கிப் போட்டாய்.”

“ஓம்.”

அடுத்த வலையிலிருந்த, அவர்களோடு நிறுத்தப்பட்ட நிறஞ்சனா தலை நிமிர்த்தாமலே சொன்னாள்: “நானும் எடுத்திருக்கிறன். பிடிபடேல்லை, அவ்வளவுதான். என்னையும் அவன் தடவினவன். புருசனுக்குக்கூடச் சொல்லேல்லை.”

ஒருத்தியும் மற்றவள் முகத்தைப் பார்க்கவில்லை. அலை வந்து வலையின் ஓரத்தை நனைத்துப் போனது.

“கேட்கட்டும்,” என்றாள் ஸ்ரெல்லா, கடைசியில். “எடுத்தன் எண்டு சொல்லு. அவன் எப்பிடி எடுத்தவன் எண்டும் சொல்லு. உனக்குப் பின்னால நாங்களும் ஏறிச் சொல்லுறம்.”

நிறஞ்சனா தலையாட்டினாள். ஸ்ரெல்லா மார்கிறட்டைப் பாராமலே மறுபடி வலையை இழுத்தாள்.

“விசாரணைக்குப் போகேக்க பஸ்ஸில எனக்குப் பக்கத்தில இருப்பியோ, ஸ்ரெல்லா?” என்று கேட்டாள் மார்கிறட்.