உதட்டை ஆட்டாத நாள்

ராக்கையா அண்ணன் கிளாரினெட்டை உதட்டில் வைத்துவிட்டால் சாவு வீட்டில் அழாமல் ஒரு ஆள் உட்கார்ந்திருக்க முடியாது. செத்த மாமியார் மேல் ஆயிரம் ஆத்திரம் வைத்திருக்கும் மருமகள்கூட மூக்கைச் சிந்திவிடுவாள். போடிநாயக்கனூர் சுற்றுவட்டாரத்தில் எங்கள் பேண்டு செட்டுக்குப் பேர் கிடைத்தது இதனால்தான். என் டிரம்முக்காக யாரும் எங்களைக் கூப்பிட்டதில்லை. கூப்பிட்டதாக வீட்டில் சொல்லிவைத்திருக்கிறேன்.

இதில் பெரிய மர்மம் எதுவும் இல்லை. பாட்டில் ஒரு வரி முடிகிற இடத்தில் அண்ணன் சுரத்தை நீட்டிப் பிடித்துக்கொண்டு கீழுதட்டையும் தாடையையும் லேசாக ஆட்டுவார். சத்தம் ஏறி இறங்கி நடுங்கும். கேட்பவர்களுக்கு ஒரு மனிதன் தொண்டை அடைத்து விம்முவதுபோல இருக்கும். இங்கிலீஷ் வாத்தியம் முறையாகப் படித்தவர்கள் இதை வைப்ரேட்டோ என்பார்கள். எங்கள் செட்டில் அசைவு என்போம், அவ்வளவுதான். அசைவு போடும்போது அண்ணனின் கண் டீ எந்தப் பக்கமிருந்து வருகிறது என்று பார்த்துக்கொண்டிருக்கும். நானும் அதைத்தான் பார்ப்பேன். வருசம் பூராவும் ஊரார் வீட்டுச் சாவுக்கு நிஜமாகவே அழுதுகொண்டிருந்தால் ஒருத்தன் பிழைக்க முடியுமா? இதைக் குற்றம் என்று யாராவது சொன்னால் எனக்குப் பொத்துக்கொண்டு கோபம் வரும்.

சொன்னது ஒரே ஒருத்தர்தான். அண்ணனின் தங்கச்சி மொக்கம்மாளைக் கட்டிய சோலை. போடிமெட்டுக்கு மேலே ஒரு ஏலத்தோட்டத்தில் வேலை. குடியிருப்பும் அங்கேயே, தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்தில். ஏலக்காய் லோடு ஏலத்துக்கு இறங்கும் நாளில் கூடவே ஜீப்பில் வந்து, நாங்கள் வாசித்துப் பழகும் கொட்டகையில் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிடுவார். "அந்தப் பொய்யழுக வேணாம் மச்சான், ஆட்டாம நேரா வாசிங்க" என்பார். அண்ணன் சிரித்துக்கொண்டே அவருக்காக மட்டும் நேராக வாசிப்பார். அவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்பார். மாப்பிள்ளை ஒருத்தனுக்குத்தான் இந்த ஊரில் காது இருக்கிறது என்று அண்ணன் எங்கள் முகத்துக்கு நேராகவே சொல்வதுண்டு. எனக்குச் சுருக்கென்று இருக்கும்.

அப்பேர்ப்பட்ட இரண்டு பேரும் ஏழு வருசம் பேசாமல் இருந்தார்கள். சோலையின் மகள் கற்பகம் பெரிய மனுசியானபோது, தாய்மாமன் சீரோடு முதல் ஆளாகப் போய் நின்றிருக்க வேண்டியவர் ராக்கையா அண்ணன். அன்றைக்கென்று ராசிங்காபுரத்தில் ஒரு பெரிய வீட்டுச் சாவு. பிணத்தை எடுக்க இழுத்தடித்தார்கள். நாங்கள் மலையேறியபோது வேறொருவரை மாமன் இடத்தில் உட்கார வைத்துச் சடங்கை முடித்திருந்தார்கள். ஊரார் பிணத்துக்கு முன்னால் போனவர் என் மகள் சடங்குக்குப் பின்னால் வந்திருக்கிறார் என்று சோலை நாலு பேர் நடுவில் சொன்னார். அண்ணன் சீர்த்தட்டை வாசலில் வைத்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் இறங்கிவிட்டார். நடுவில் கிடந்து நொந்தது மொக்கம்மாள்தான். அண்ணனும் நோகத்தான் செய்தார். நோகிற ஆள் ஒரு எட்டு மேலே போய்விட்டு வரவேண்டியதுதானே என்று நான் திட்டாத நாளில்லை.

போன மார்கழியில், செடிக்கு மருந்தடித்துக்கொண்டிருந்த சோலை நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்துவிட்டார். தோட்டத்து ஜீப் ஓட்டும் லிங்கேஸ்வரன் கொட்டகைக்கு வந்து சொன்னான். மொக்கம்மாள் ஒரு வார்த்தையும் சொல்லி அனுப்பியிருந்தாள். அண்ணன் வந்து வாசிக்க வேண்டுமாம்.

ராக்கையா அண்ணன் எழுந்துபோய், கணவனை இழந்தவளுக்குப் பிறந்த வீட்டார் கொடுக்கவேண்டிய கோடிச் சேலை ஒன்றை வாங்கிக்கொண்டு வந்தார். தங்கச்சி கூப்பிட்டுவிட்டாள். இனி உறவு ஒட்டிவிடும் என்று எனக்கு உள்ளூர ஒரு சந்தோசம்கூட. சாவுக்குப் போகும் வழியில் சந்தோசப்பட்டதற்குக் கன்னத்தில் போட்டுக்கொண்டேன்.

ஜீப் கொண்டை ஊசி வளைவுகளில் ஏறிக்கொண்டிருந்தபோது அண்ணன் என் பக்கம் திரும்பினார்.

"பாண்டி, இன்னைக்கு நான் ஒதட்ட ஆட்டப் போறதில்ல."

"பொம்பளைங்க அழுகணும்ல அண்ணே."

"மாப்ளைக்குப் புடிக்காது. அவனுக்கே போயி அந்த வித்தையக் காட்டச் சொல்றியா?"

எனக்கும் அது சரியென்றுதான் பட்டது.

பேண்டுக்காரர்கள் பாடைக்கு முன்னால் போவோம். பெண்கள் பின்னால், பாதை முக்கு வரைதான் வருவார்கள். பனிமூட்டமாக மஞ்சு இறங்கி ஏலச்செடிகள் பாதி மறைந்திருந்தன. அண்ணன் வாசித்தார். ஒரு நடுக்கம் இல்லை, குழைவு இல்லை. நூல் பிடித்ததுபோலச் சத்தம் நேராகப் போய் எதிர்ச் சரிவில் நின்றது. அவரோடு இத்தனை வருசம் கொட்டியிருக்கிறேன், அப்படி ஒரு வாசிப்பைக் கேட்டதில்லை. பக்கத்தில் நடந்த எனக்குத்தான் தெரியும், அவர் கண்ணீர் தாடை வழியாக இறங்கிச் சட்டைக் காலரை நனைத்திருந்தது. பின்னால் நின்றவர்களுக்குத் தெரிந்தது அவர் முதுகு மட்டும்தான். யாரும் பெரிதாக அழவில்லை. ஒரு கிழவி, குழலில் ஏதும் கோளாறா என்று விசாரித்தாள். அவள் வாயில் டிரம் குச்சியைத் திணிக்கலாம்போல இருந்தது.

எல்லாம் முடிந்து வந்து அண்ணன் கோடிச் சேலையை நீட்டினார். மொக்கம்மாள் கை வாங்கியதே தவிர, கண் அவர் முகத்துக்கு வரவில்லை.

"ஊரான் வீட்டுச் சாவுக்கெல்லாம் அழுதியே அண்ணே. எம்புருசனுக்கு மட்டும் ஒனக்கு அழுக வரலையா? செத்தவரு மேல இன்னுமா கோவம்?"

அண்ணன் வாயைத் திறந்தார். அவளே மேலே பேசினாள்.

"ஆத்தா செத்தப்ப அந்தக் கொழலு எப்பிடி அழுதுச்சு. ஒனக்குள்ள இம்புட்டுப் பாசமான்னு அன்னைக்குத்தான் எனக்குத் தெரிஞ்சுச்சு. அத நெனச்சுத்தான ஒன்னைய வரச் சொன்னேன்."

அண்ணன் திறந்த வாயை மூடிக்கொண்டார். அவள் சேலையைக் கற்பகத்திடம் கொடுத்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

ஜீப்பில் எனக்குப் பொறுக்கவில்லை. வண்டியைத் திருப்பச் சொல்லிக் கத்தினேன். மாப்பிள்ளைக்குப் பிடித்த மாதிரி வாசித்தேன், அதுதான் என் அழுகை, மற்றதெல்லாம் உதட்டு வேலை என்று சொல்ல வேண்டியதுதானே, இதற்கு என்ன வெட்கம் என்று லிங்கேஸ்வரன் முன்னாலேயே கேட்டேன். வண்டி அடிவாரம் வந்ததும் அண்ணன் சொன்னார்.

"ஆத்தா செத்தன்னைக்கு எனக்கு ஒரு சொட்டுக் கண்ணீர் வரல பாண்டி. ஏன் வரலன்னு இன்னைக்கு வரைக்கும் தெரியல. எல்லா வீட்டுலயும் ஆட்டுற மாதிரிதான் அங்கயும் ஒதட்ட ஆட்டுனேன். அதக் கேட்டுட்டுத்தான் அவ எந்தோள்ல சாஞ்சு அழுதா. இது மெய்யின்னு சொல்லணும்னா, அது பொய்யின்னு சொல்லணும்ல?"



கருமாதிக்கு நாங்கள் இருவர் மட்டும் போனோம். நான் டிரம் எடுக்கவில்லை. அண்ணன் கிளாரினெட் கொண்டுவந்திருந்தார். மொக்கம்மாள் வாங்க என்று கேட்டதோடு சரி. காரியம் முடிந்ததும் யாரும் கேட்காமலே, மாலை போட்ட சோலை படத்துக்கு முன்னால் உட்கார்ந்து அண்ணன் வாசிக்க ஆரம்பித்தார். அசைவென்றால் அப்படி ஒரு அசைவு. ஒவ்வொரு வரி முடிவிலும் உதடும் தாடையும் துடித்தன. சோலையின் படத்தை என்னால் பார்க்க முடியவில்லை. லயத்துப் பெண்கள் எல்லோரும் முந்தானையை எடுத்தார்கள். மொக்கம்மாள் உள்ளேயிருந்து ஓடிவந்து, அண்ணே என்று அலறிக்கொண்டு அவர் தோளில் விழுந்தாள். கற்பகம் வந்து மாமா என்று கையைப் பிடித்துக்கொண்டாள்.

ஏழு வருசப் பிணக்கு தீர்ந்துவிட்டது. நான் மகிழ்ந்திருக்க வேண்டும். எனக்கு அங்கே நிற்கவே பிடிக்கவில்லை.

அழுகை ஓய்ந்த பிறகு மொக்கம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டு கேட்டாள்: "அன்னைக்கு ஏண்ணே இப்பிடி வாசிக்கல?"

ராக்கையா அண்ணன் கிளாரினெட்டைக் கழற்றித் துண்டால் துடைத்தார். என் பக்கம் பார்க்கவில்லை. படத்தின் பக்கமும் பார்க்கவில்லை.

"குளுருல ஒதடு வெறச்சுப்போச்சு தாயி. அன்னைக்கு வாசிப்பு சரியா வரல."

அவள் நம்பினாள்.