வராதவர்களுக்கும் ஒரு டிக்

இருபத்திரண்டு வருடம் சரித்திரப் பாடம் நடத்திய வாத்தியாருக்கு, மைக் இல்லாமலே கடைசி பெஞ்சு வரை கேட்கும் தொண்டை. அதை நம்பித்தான் கட்சி அவரை மாகாண சபைக்கு நிறுத்தியது. ஒருமுறை ஜெயித்தார். மறுமுறை டெபாசிட் போயிற்று. அறிவுரை சொல்லும் தகுதி தோற்றவர்களுக்குத் தானாக வந்துவிடும் என்பதால், ஆட்சியிலிருந்த தலைவருக்கு அரசியல் ஆலோசகர் ஆனார். ஏ.சி. அறை, டிரைவரோடு கார்.

பள்ளிக்கூடத்திலிருந்து அவர் கொண்டுவந்தது ஒரே ஒரு பழக்கம். அங்கே வகுப்பில் தலை முப்பதுக்குக் கீழே போனால் பிரிவையே மூடிவிட்டு வாத்தியாரை எங்காவது தூக்கியடிப்பார்கள். ஆகவே வராதவனும் அவர் ஏட்டில் வந்தவன்தான். அம்மை போட்டவன், அக்கா கல்யாணத்துக்குப் போனவன், குடும்பத்தோடு ஊரையே காலி பண்ணியவன், எல்லோருக்கும் டிக். இதைப் பொய் என்று அவர் ஒருநாளும் நினைத்ததில்லை. நம்பிக்கை என்று நினைத்தார்.

சபையில் மொத்தம் ஐம்பத்தொரு பேர். எதிர்க்கட்சித் தலைவர் ஒரு பல் டாக்டர். ஆட்சிக்குப் பெரும்பான்மை போய்விட்டது என்று அவர் பேட்டி கொடுக்க, தலைவர் கொதித்துப்போய் வாத்தியாரைக் கூப்பிட்டார்.

"நம்ம பக்கம் எத்தனை பேர் வாத்தியாரே? இருபத்தாறு தேறினா நாளைக்கு நானே ஓட்டெடுப்பு கேட்டு அந்த ஆளு வாயை அடைச்சிடறேன். தேறலேன்னா சொல்லுங்க, ஒரு மாசம் இழுத்தடிப்போம். ஆட்சி போனா என் நாற்காலி மட்டுமில்ல, உங்க ரூமும் போயிடும்."

"பத்து நிமிஷம் குடுங்க தலைவரே."

வாத்தியார் பட்டியலோடும் போனோடும் உட்கார்ந்தார். இருபத்திரண்டு பேர் வருகிறோம் என்றார்கள். பாக்கி நால்வர். ஒருவர் போன் அணைந்து கிடந்தது. சார்ஜ் போட்டிருப்பார், டிக். அடுத்தவரின் மனைவி எடுத்தாள்.

"நேத்துதான் சார் குடலிறக்க ஆபரேஷன் ஆச்சு."

"நாளைக்கு எழுந்து நடந்துடுவார்மா." டிக்.

மூன்றாமவர் "பாக்கலாம்ணே" என்றார். அவருக்குக் கொஞ்சம் பெரிய டிக். நான்காமவர் பேசும்போது பின்னாலிருந்து பல் டாக்டரின் குரல் கேட்டது: "யாரு, வாத்தியாரா? நான் விசாரிச்சேன்னு சொல்லுங்க."

"கடைவாய்ப்பல் வலி சார். காட்ட வந்தேன்" என்றார் நான்காமவர்.

பாவம், வலி யாருக்குத்தான் வராது. டிக்.

"இருபத்தாறு, தலைவரே."

மறுநாள் காலை தலைவர் மார்பை நிமிர்த்தி ஓட்டெடுப்பு கேட்டார். இருபத்திரண்டு விழுந்தது. பல் டாக்டருக்குத்தான் இருபத்தாறு. பல்வலிக்காரர் அங்கே சிரித்துக்கொண்டே கை தூக்கினார். மற்ற மூவர் வரவே இல்லை.

"நாலு பேர் எங்கேய்யா?" என்றார் தலைவர், வராந்தாவில்.

"துரோகம் பண்ணிட்டாங்க தலைவரே. பட்டியல் சரியாத்தான் இருந்துச்சு. ஆளுங்கதான் தப்பு."

தலைவருக்கு அது இதமாக இருந்தது. கணக்குத் தப்பித் தோற்றால் முட்டாள், துரோகத்தில் தோற்றால் தியாகி. சாயங்காலமே தியாகியாகப் பேட்டி கொடுத்தார்.

வாத்தியார் அறையைக் காலி செய்து, கதவில் இருந்த பெயர்ப் பலகையோடு வீடு வந்து சேர்ந்தார்.

"இது அரசாங்க சொத்து இல்லையா?" என்றாள் மனைவி.

"பேரு என்னோடதுதானே."

அப்போது போன் அடித்தது. ஆட்சிக்கு வந்துவிட்ட பல் டாக்டர்.

"இனிமே உங்க தலைவர்தானே எதிர்க்கட்சித் தலைவர், அவருக்கும் ஒரு ஆலோசகர் வேணும்னு முதல் உத்தரவே போட்டிருக்கேன் சார். அதே ரூம், அதே காரு. அவர்கிட்டயும் பேசிட்டேன். உங்களைத் தவிர வேற யாரையும் நம்பமாட்டாராம்."

"உங்களுக்குப் பெரிய மனசு டாக்டர்."

"அதெல்லாம் இருக்கட்டும். தலை எண்ணுற வேலையை மட்டும் வேற யார்கிட்டயும் குடுத்துடாதீங்க."

வாத்தியார் போனை வைத்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "எதிரணி ஆளா இருந்தாலும் அனுபவத்தை மதிக்கிறாங்க பாத்தியா" என்றார்.

மனைவி பெயர்ப் பலகையை எடுத்து வாசற்பக்கம் வைத்தாள்.

"மதிக்காம இருப்பாங்களா. நாளைக்கு டிரைவரை எட்டு மணிக்கே வரச் சொல்லுங்க, எனக்கு மார்க்கெட் போகணும்."