தோளுக்குப் பின்னால்

சாம்பல் நிறக் கடல். சாம்பல் நிற வானம். இரண்டுக்கும் நடுவே ஒரு கோடு, பென்சிலால் போட்டு அழித்ததுபோல.

சேந்தன் எழுந்தான். கெட்டிலில் தண்ணீர் வைத்தான். ஓட்ஸில் பால் ஊற்றினான். நின்றபடியே சாப்பிட்டான். கிண்ணத்தைக் கழுவிக் கவிழ்த்தான். வலது முழங்காலில் நீல நாடா ஒட்டினான். பையைத் தூக்கினான். ட்ராம் ஏறினான்.

நேற்றும் அப்படித்தான். நாளையும் அப்படித்தான். ஒன்றன்பின் ஒன்றாகச் செய்துகொண்டே போனால் பயிற்சித் திடல் வந்துவிடும். அங்கே பந்து இருக்கும். பந்து இருக்கும்வரை எழுந்துகொள்ள ஒரு காரணம் இருக்கும்.

பெல்ஜியத்தின் கடலோரத்தில் ஒரு சிறிய நகரம். அதற்கு ஒரு கால்பந்துக் கழகம். இரண்டாம் பிரிவு. அதன் நடுக்களத்தில் ஆறாம் எண் சட்டை. அது சேந்தனுடையது. வயது இருபத்தொன்பது. மனைவி ஆரணி போன பிறகு வந்த முதல் குளிர்காலம் இது.

நடுக்களத்தில் ஆடுகிறவன் பெயர் செய்தித்தாளில் வருவதில்லை. கோல் போட்டவன் பெயர் வரும். கோல் விட்டவன் பெயரும் வரும். இவன் வாங்குவான், கொடுப்பான். வாங்குவான், கொடுப்பான். ஆட்டம் முடிந்ததும் சட்டையில் சேறு மட்டும் மிஞ்சும்.

பிறந்தது அன்ட்வெர்ப்பில். அப்பாவும் அம்மாவும் யாழ்ப்பாணத்திலிருந்து போருக்குத் தப்பி வந்தவர்கள். அடுக்குமாடிகளுக்கு நடுவே கம்பிவலை அடித்த ஒரு சிமெண்டுத் திடல். மொரோக்கோப் பையன்கள், துருக்கிப் பையன்கள், கொங்கோப் பையன்கள். இடம் கொஞ்சம். கால்கள் நிறைய.

பந்து வந்த பிறகு யோசித்தால் பந்து போய்விடும். ஆகவே வருமுன்பே பார்க்க வேண்டும். இந்தத் தோளுக்குப் பின்னால் ஒரு பார்வை. அந்தத் தோளுக்குப் பின்னால் ஒரு பார்வை. எவன் பாய்ந்து வருகிறான், எங்கே ஆளில்லை, எவன் தனியே நிற்கிறான். கண் ஒருமுறை வாங்கிவிட்டால் போதும். மீதியைக் கால் பார்த்துக்கொள்ளும்.

அந்தப் பார்வைதான் அவன் தொழில். ஒரு பெரிய கழகம் அதற்காகவே அவனைத் தன் இளையோர் அணியில் சேர்த்தது. பதினெட்டு வயதில் உயரம் போதாது என்று வெளியே விட்டது. பிறகு ஒரு நகரம். பிறகு இன்னொரு நகரம். முழங்காலில் தசைநார் கிழிந்த ஒரு வருடம். அந்த வருடத்தில் கெண்ட் பல்கலைக்கழகத்தில் பாதியில் விட்ட படிப்பை முடித்தான். தேசிய அணியின் சிவப்புச் சட்டையைத் தொலைக்காட்சியில் பார்த்தான். எல்லா ஊரிலும் மழை பெய்தது. எல்லா ஊரிலும் திரும்பித் திரும்பிப் பார்த்தான்.

பிறகு இந்தக் கடலோரம். இங்கே ஆரணி.

முழங்காலுக்கு நாடா வாங்க மருந்துக்கடைக்குப் போனான். வெள்ளை அங்கி போட்ட பெண் அவன் முகத்தை ஒரு கணம் பார்த்தாள்.

"தமிழோ?"

"ஓம்."

"அப்ப இந்த நாடா வேண்டாம். நீலத்தைக் கொண்டுபோங்கோ. இது ரெண்டு நாளில உரிஞ்சிடும்."

அதற்குப் பிறகு அவன் தேவைக்கு மேல் நாடா வாங்கினான்.

கல்யாணமான பிறகு உள்ளூர் ஆட்டங்களுக்கு அவள் வந்தாள். கிழக்கு கேலரி, கீழிருந்து மூன்றாவது வரிசை. மஞ்சள் மழைக்கோட்டு. முதல் ஆட்டம் முடிந்து வீட்டுக்கு நடக்கும்போது சொன்னாள்.

"இவ்வளவு சனத்துக்கு நடுவில என்னையே திரும்பித் திரும்பிப் பாக்கிறியள். ஆக்கள் என்ன நினைப்பினம்?"

அவன் பார்த்தது அவளை அல்ல. எதிரணியின் எட்டாம் எண் ஆட்டக்காரனை. அதைச் சொல்ல வாயெடுத்தான். அவள் முகத்தைப் பார்த்தான். சொல்லவில்லை.

போகப் போக அது உண்மையாகிவிட்டது. பாய்ந்து வருகிறவன், ஆளில்லாத புல், மஞ்சள் மழைக்கோட்டு. ஒரே பார்வையில் மூன்றும். அதனால் ஆட்டம் கெடவில்லை. அந்த இரண்டு வருடங்களில்தான் அவன் நன்றாக ஆடினான்.

அக்டோபரில் ஒரு சனிக்கிழமை. அணி வெளியூரில் ஆடியது. ஆரணியின் தலைக்குள் ஒரு இரத்தக்குழாய் வெடித்தது. அவன் மருத்துவமனைக்கு வந்தபோது அவள் பேசவில்லை. செவ்வாய்க்கிழமை மூச்சும் நின்றது. வெளியே மழை பெய்தது. அதில் ஒன்றுமில்லை. இங்கே எப்போதும் பெய்கிற மழை.

அடுத்த உள்ளூர் ஆட்டத்தில் அவள் இருக்கையில் கழகத்தின் நீலமும் வெள்ளையுமான கம்பளிச் சால்வை கட்டியிருந்தது. பக்கத்து இருக்கை கோட்லீவ் என்ற வயதான பெண்ணுடையது. கட்டியது அவர். அங்கே யாரும் உட்காரவில்லை. சட்டை எண் ஆறு என்பதால், ஆறாவது நிமிடத்தில் அரங்கம் முழுக்க எழுந்து கைதட்டியது. அது இவர்கள் வழக்கம். பிறகு ஒவ்வொரு உள்ளூர் ஆட்டத்திலும் அது தொடர்ந்தது.

அது அன்பு. அதில் சந்தேகமில்லை. அன்பு கிழக்குப் பக்கம் நீலமும் வெள்ளையுமாகத் தொங்கியது. மழையில் நனைந்து தொங்கியது.

அவன் கிழக்கே பார்ப்பதை நிறுத்தினான்.

நிறுத்த வேண்டுமென்று நினைத்துச் செய்ததல்ல. கழுத்து அந்தப் பக்கம் போகவில்லை. மேற்கே திரும்பியது. கிழக்கே வந்ததும் நின்றது. எதிரணிகள் இதைக் கண்டுகொண்டன. கிழக்குப் பக்கமாக வந்து அவன் காலிலிருந்து பந்தை எடுத்துக்கொண்டு போனார்கள். குருடன் தட்டிலிருந்து எடுப்பதுபோல.

மார்ச் மாதம் ஒரு வியாழக்கிழமை, பயிற்சியாளர் வோட்டர் அவனைக் கூப்பிட்டு உட்காரவைத்தார். திரையில் இரண்டு காட்சிகளை ஓடவிட்டார்.

"இது நீ, போன வருடம். தலையைப் பார், குருவி மாதிரி. இதுவும் நீ, போன வாரம்."

"தெரியும்."

"கழுத்தில் வலி ஏதாவது?"

"இல்லை."

வோட்டர் திரையை அணைத்தார். "மே மாதத்தோடு உன் ஒப்பந்தம் முடிகிறது, சென். சனிக்கிழமை உன்னை இறக்குகிறேன். அன்றைக்கும் இப்படித்தான் என்றால், மேற்கொண்டு நிர்வாகத்திடம் உனக்காக என்னால் பேச முடியாது."

"சரி."

"அந்தச் சால்வையை எடுக்கச் சொல்லட்டுமா?"

"வேண்டாம்."

அன்பாக இருக்காதீர்கள் என்று மனிதர்களிடம் எப்படிச் சொல்வது. அவனுக்குத் தெரியவில்லை. பந்தும் போனால் காலையில் கிண்ணத்தைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு எங்கே போவது. அதுவும் தெரியவில்லை.

வெள்ளிக்கிழமை மாமி வந்தார். ஆரணியின் அம்மா, தவமணி. வெள்ளிக்கிழமைதோறும் அன்ட்வெர்ப்பிலிருந்து ரயிலில் வருவார். குளிர்பெட்டியைக் கறிகளால் நிரப்புவார். மற்ற அறையில் படுப்பார். மறுநாள் போவார். இருவரும் அதிகம் பேசுவதில்லை.

"நாளைக்கு மட்ச் எல்லோ?"

"ஓம் மாமி."

"வெல்லுவியளோ?"

"தெரியாது."

மாமி வெங்காயம் வெட்டினார். வெட்டிக்கொண்டே கேட்டார். "மட்ச் பாக்கிற இடத்தில பிள்ளையின்ர கதிரை இப்ப ஆருக்கு?"

"ஒருத்தருக்கும் இல்லை, மாமி. வெறுமையாத்தான் கிடக்குது."

"வெறுமையாவோ?" கத்தி நின்றது. "வருசம் முழுக்கவெண்டு அவள் டிக்கெட் எடுத்து வச்ச கதிரை. அதை ஏன் சும்மா விடவேணும்? நான் போய் இருக்கிறன்."

அவன் ஒரு துக்கத்தைச் சொன்னான். மாமி காதில் ஒரு காலியிடம் விழுந்தது. ஏதோ பேச்சுக்குச் சொல்கிறார் என்று அவன் விட்டுவிட்டான். மாமி வாழ்க்கையில் ஒரு கால்பந்து ஆட்டமும் பார்த்ததில்லை.

சனிக்கிழமை. கடலிலிருந்து சாய்வாக மழை. அவன் மேற்கே பார்த்தான். வாங்கினான், கொடுத்தான். ஆறாவது நிமிடம் கைதட்டல் வந்தது. புல்லைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

பிறகு கிழக்கிலிருந்து ஒருவன் வந்தான். சேந்தனுக்கு அவன் மூச்சுச் சத்தம்தான் முதலில் தெரிந்தது. பந்து போனது. எதிரணி கோல் போட்டது. வோட்டர் கோட்டருகே நின்றார். கத்தவில்லை. கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

இடைவேளைக்குச் சற்று முன் யாருக்கோ அடிபட்டு ஆட்டம் நின்றது. அப்போது கிழக்கு கேலரியில் ஒரு முணுமுணுப்பு. வரிசைவரிசையாக ஆட்கள் எழும்பும் சத்தம். அவன் பார்க்கவில்லை. அணித்தோழன் யெல்லே தண்ணீர்ப் போத்தலோடு பக்கத்தில் வந்தான்.

"சென், உன் பக்கம் ஏதோ கலவரம். ஒரு அம்மா அந்த இருக்கையில் உட்கார்ந்துவிட்டார். சால்வையை அவிழ்த்துத் தலையில் கட்டிக்கொண்டார்."

கழுத்து திரும்பியது.

மழை. மழைக்குள் மாமி. குளிர்கோட்டு, கோட்டுக்குக் கீழே சேலை, தலையில் நீலமும் வெள்ளையும். சந்தைக்குப் போகிற வழியில் மழை பிடித்துக்கொண்டதுபோல இருந்தார். செம்மஞ்சள் மேற்சட்டை போட்ட காவலர் குனிந்து ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார். மாமி அதற்குப் பதிலாக ஒரு டப்பாவைத் திறந்து நீட்டினார்.

ரோல்ஸ். காலையில் வீடு முழுக்க மணந்த ஆட்டிறைச்சி ரோல்ஸ்.

காவலர் என்ன செய்வதென்று தெரியாமல் கோட்லீவைப் பார்த்தார். கோட்லீவ் மாமியைப் பார்த்தார். அந்த முகத்தில் எதையோ கண்டிருக்க வேண்டும். ஆரணிக்கும் அதே நெற்றி. டப்பாவிலிருந்து ஒன்றை எடுத்துக் கடித்தார். உட்கார்ந்தார். அவர் உட்கார்ந்ததும் வரிசை உட்கார்ந்தது. காவலரும் ஒன்றை எடுத்துக்கொண்டு போனார்.

மாமி மைதானத்தைப் பார்த்தார். அவன் பார்ப்பதைப் பார்த்தார். புறங்கையால் விரட்டினார், முற்றத்தில் கோழியை விரட்டுவதுபோல. போங்கோ, போய் வேலையைப் பாருங்கோ.

"யார் அது?" என்றான் யெல்லே.

"என் மாமியார்."

"என் மாமியார் அங்கே உட்கார்ந்திருந்தால் நான் மேற்குப் பக்கமாகவே ஓடிக்கொண்டிருப்பேன்."

சேந்தனுக்குச் சிரிப்பு வந்தது. முகத்தில் அந்தத் தசை வேலை செய்து நாளாகியிருந்தது. வலித்தது.

அந்த இருக்கையில் ஆரணி இல்லை. அது இப்போது நன்றாகத் தெரிந்தது. இத்தனை நாளும் அங்கே அவள் இல்லாமை உட்கார்ந்திருந்தது. இப்போது ஒரு அம்மா உட்கார்ந்து ரோல்ஸ் சாப்பிட்டார்.

இரண்டாம் பாதி. பக்கம் மாறியது. தோள் மாறியது. கிழக்கு அங்கேயேதான் இருந்தது. பந்து புறப்பட்டது. அவன் பார்த்தான். ஆளில்லாத புல், நீல வெள்ளைத் தலை, பாய்ந்து வருகிற எட்டாம் எண். ஒரே பார்வையில் மூன்றும்.

பந்து காலில் பட்டபோது உடம்பு ஏற்கெனவே மறுபக்கம் திரும்பியிருந்தது. எட்டாம் எண் அவன் இருந்த இடத்தின் வழியாக ஓடி மழைக்குள் போனான். முன்னால் பச்சை திறந்தது. யெல்லேயின் காலுக்குக் கொடுத்தான். யெல்லே இன்னொருவனுக்கு. இன்னொருவன் வலைக்குள்.

ஒன்றுக்கு ஒன்று. அப்படியே முடிந்தது. நாளைய செய்தித்தாளில் அந்த இன்னொருவன் பெயர் வரும்.

உடைமாற்றும் அறை வாசலில் வோட்டர் நின்றார். "அடுத்த சனிக்கிழமையும் நீ இறங்குகிறாய். மே மாதத்தைப் பற்றி நான் மேலே பேசுகிறேன்." பிறகு தொண்டையைச் செருமினார். "மாமியார் வருவாரா?"

"கேட்டுச் சொல்கிறேன்."

மழை விட்டிருந்தது. தண்டவாளத்தில் வெளிச்சம் ஈரமாகக் கிடந்தது. ட்ராம் நிறுத்தத்தில் இருவரும் நின்றார்கள். மாமியின் தலையில் சால்வை அப்படியே இருந்தது.

"திருப்பிக் கட்டப் போனன். அந்த மனிசி விடேல்லை. வச்சிருக்கட்டாம்."

"மாமி, அது ஆரணிக்கெண்டு கட்டினது."

மாமியின் கை மெல்ல மேலே போய்க் கம்பளியைத் தொட்டது.

"நான் மழைக்கு வச்சிருக்கினம் எண்டெல்லோ நினைச்சன்." கம்பளி நுனியை அழுத்திப் பார்த்தார். "தொப்பமா நனைஞ்சு கிடந்தது, தம்பி. ஒருத்தரும் பிழியேல்லை."

ஒரு ட்ராம் வந்தது. போனது. அவர்கள் ஏறவில்லை.

"தம்பி, ஒண்டு கேக்கட்டே? பிள்ளை உங்களோட கடைசியாக் கதைச்சது என்ன?"

யாரும் இதுவரை கேட்கவில்லை. கேட்டுவிடுவார்களோ என்று அவன் பயந்திருந்தான். அதில் ஒன்றுமில்லை என்பதால் பயந்திருந்தான். பெரிதாக ஒன்றை இட்டுக்கட்டிச் சொல்லலாம். மாமி கம்பளியைத் தொட்டபடி காத்திருந்தார். உள்ளதைச் சொன்னான்.

அந்தச் சனிக்கிழமை இன்னும் விடியவில்லை. அணியின் பேருந்துக்கு நேரமாகிவிட்டது. பையோடு படுக்கையறை வாசலில் நின்றான். உள்ளே போர்வை மட்டும் தெரிந்தது. போர்வைக்கு வெளியே கொஞ்சம் தலைமயிர். அவள் தூங்குகிறாள் என்று நினைத்தான். பார்த்துக்கொண்டு நின்றான். போர்வைக்குள்ளிருந்து குரல் வந்தது.

"நிண்டு பாக்காமல் கதவைச் சாத்திட்டுப் போங்கோ. குளிர் வருது."