மேனுகாவுக்கு வார்த்த தண்ணீர்

மேனுகா வாவியில் மூழ்கிச் செத்தது ஒரு வியாழக்கிழமை மாலை ஏழு மணிக்கு. அந்த நேரத்தில் அவள் பெரியகல்லாற்றில் தன் வீட்டில், தாய் திலகேஸ்வரியின் பக்கத்தில் இருந்து, தான் சாவதைத் தொலைக்காட்சியில் பார்த்தபடி சோறு தின்றுகொண்டிருந்தாள். வயது எட்டு. தொடரில் அவளுக்கு நிலா என்று பெயர். நூற்றுப் பன்னிரண்டு நாள் ஊரைச் சிரிக்கவைத்த நிலாவைத் தோணி கவிழ்த்துக் கொன்ற கதாசிரியர், அடுத்த வாரமே அதே வீட்டில் ஒரு கலியாணத்தையும் வைத்துவிட்டார். ஊருக்குப் பொறுக்கவில்லை. செத்த பிள்ளைக்கு முப்பத்தோராம் நாள் கிரியை செய்யாமல் மேளம் அடிக்கிற வீடும் ஒரு வீடா என்று பெண்கள் திட்டித் தீர்த்தார்கள். பிறகு அரிசியும் காய்கறியும் சேர்த்து, அந்தக் கடமையைத் தாங்களே செய்தார்கள்.

கிரியை செய்துவைக்க வந்தவர் பெயரும் நட்சத்திரமும் கேட்டார். நிலாவின் நட்சத்திரம் யாருக்குத் தெரியும்? தன் பிள்ளைக்காக ஊரே மூக்கைச் சிந்துகிற பெருமை திலகேஸ்வரிக்குத் தலைக்கேறியிருந்தது. "மேனுகா, ரோகிணி" என்றாள். அவரும் அப்படியே சொல்லி எள்ளும் தண்ணீரும் இறைத்தார்.

மறுநாள் முதல் மேனுகாவைத் தண்ணீர் தொடவில்லை. குடிக்கிற தண்ணீர் மட்டும் வழக்கம்போல உள்ளே போனது. கிணற்றடியில் வாளி வாளியாக ஊற்றினாலும் அது விலகித் தரையில் விழுந்தது. மார்கழி அடைமழையில் நனையாமல் பள்ளிக்கூடம் போய்வந்தாள். உடம்பில் அழுக்கும் ஒட்டாததால் ஆசிரியர்கள் குறை சொல்லவில்லை. தொழிலில்தான் அடி விழுந்தது. கிளிசரின் போட்டாலும் போடாவிட்டாலும் அவள் கன்னத்தில் ஒரு துளி நிற்கவில்லை. அழத் தெரியாத பிள்ளை என்று இரண்டு இயக்குநர்கள் திருப்பி அனுப்பினார்கள். அவள் அழுதுகொண்டுதான் வந்தாள், பாவம், ஆருக்கும் தெரியவில்லை. திலகேஸ்வரிக்கோ ஒரே ஒரு ஏக்கம். பிள்ளையின் ஈரத்தலையை மடியில் போட்டுத் துவட்டவேண்டும். வேறொன்றும் அவள் கேட்கவில்லை.

பதின்மூன்று வயதில் மேனுகா பெரியபிள்ளையானாள். தண்ணீர் வார்க்காமல் விடமுடியுமா? பெண்கள் குரவையிட, மாமி குடத்தைத் தூக்கி ஊற்றினாள். தண்ணீர் வழக்கம்போல விலகியது. ஆனால் இந்தமுறை தரையில் விழாமல், பக்கத்தில் நின்ற திலகேஸ்வரியின் தலையில் கொட்டியது. மூன்று குடமும் அப்படியே. மாமி குடத்தை வைத்துவிட்டு, "பெத்தவள் நனைஞ்சாப் போதும்கா, புள்ளைக்குச் சேலையக் கட்டுங்க" என்றாள். சடங்கு குறையில்லாமல் முடிந்தது.

அதிலிருந்து மகளுக்குரிய தண்ணீரெல்லாம் தாய்மேல்தான். திரையில் முகம் காட்டமுடியாத மேனுகா, பத்தொன்பது வயதில் கொழும்புக்குப் போய்ச் சிறுவர் படங்களுக்குக் குரல் கொடுத்தாள். முயலும் அணிலும் அவள் குரலில் பேசின. அங்கே மழை பெய்தால் பெரியகல்லாற்றில், வெயிலில் மிளகாய் காயவைத்துக்கொண்டிருக்கும் திலகேஸ்வரி தெப்பமாக நனைவாள். "குடை கொண்டுபோகல்லயா மனே?" என்று தொலைபேசியில் ஏசுவாள். நனையாதவளுக்குக் குடை எதற்கு என்று மகள் சிரிப்பாள்.

போன வைகாசியில் ஒரு பகல், பக்கத்துவீட்டு அன்னப்பூரணியோடு இறால் உடைத்துக்கொண்டிருந்தபோது திலகேஸ்வரியின் கன்னம் மட்டும் நனைந்தது. நாக்கில் உப்புக் கரித்தது.

"என்னகா, அழுறாய்?" என்றாள் அன்னப்பூரணி.

"நான் அழல்ல. புள்ள அழுறா."

மகள் தொலைபேசியை எடுக்கவில்லை. திலகேஸ்வரி கையைக் கழுவிச் சேலையை மாற்றினாள்.

"போயிட்டு வாகா. இறாலை நான் பாக்கிறன்."

கொழும்பு பஸ் வாழைச்சேனையைத் தாண்டியும் கன்னம் காயவில்லை. கண்டக்டர் டிக்கெட்டைக் கொடுத்துவிட்டு மற்றப் பக்கம் பார்த்துக்கொண்டார். திலகேஸ்வரி முந்தானையால், பிள்ளைக்கு நோகாதபடி மெதுவாக, தன் முகத்தைத் துடைத்துக்கொண்டே போனாள்.