சீப்புக்கல்லின் ஏழு துளைகள்

என் மனைவி மஸ்ஊதாவுக்கு இன்னும் ஐந்து நாள்தான் என்று அத்ரார் நகரத்திலிருந்து வந்த டாக்டர் சொல்லிவிட்டுப் போனார். வயிற்றில் கட்டி. அவருடைய ஜீப் கிளப்பிய புழுதி அடங்குவதற்குள் நான் அவள் அண்ணன் கத்தூரிடம் போய் நின்றேன்.

எங்கள் கொல்லையில் இருக்கும் கிணற்றுவாயில் இறங்கினால் ஒரு சுரங்கக் கால்வாய். ஊரின் மற்றக் கால்வாய்களில் தண்ணீர் ஓடிப் பேரீச்சந்தோட்டங்களுக்குப் பிரியும். இது அவற்றுக்கெல்லாம் அடியில் இருக்கிறது. இதில் ஓடுவது ஊறல். சாம்பல் நிறம், கையை விட்டால் கை நனையாது. நாட்கள் இதன் மேல்தான் நகர்கின்றன. ஓடிவரும் ஊறல் ஒரு கல்லில் முட்டும். அதில் சீப்பின் பல்லிடுக்கு மாதிரி ஏழு துளைகள். ஒன்று எங்களுக்கு. மற்ற ஆறும் வேறு ஆறு உலகங்களுக்கு. அங்கேயும் இதே ஊர், இதே செம்மண் சுவர், இதே ஆட்கள். துளைகளை அளந்து சுத்தமாக வைப்பது கத்தூரின் வேலை.

"ஒரு துளைய அடைச்சுக்கிறேன், மச்சான். நம்ம பங்கு கூடும். பொழுது நீளும்."

"அடைச்சா அந்த ஊரு அப்படியே நின்னு போகும்டா. அங்கயும் எனக்கு ஒரு தங்கச்சி இருக்கா."

"அவள நான் கட்டலையே."

"அவளையும் உன்ன மாதிரியே ஒரு பெல்கைர்தான் கட்டியிருப்பான். அவ தலையெழுத்து." சிரித்தான்; சட்டென்று நிறுத்தினான். "ஒன்னே ஒன்னு, மாப்ள. கை நீண்டுச்சு, உன்னையும் சேர்த்து உள்ள வச்சுப் பூசிடுவேன்."

களிமண்ணில் பேரீச்ச நாரைப் பிசைந்து எடுத்துக்கொண்டு இறங்கினேன். ஒரு துளையை அடைத்தேன். மண் மிச்சம் இருந்தது. ஆறையும் அடைத்தேன்.

அது காலையில். மத்தியானம் மூன்று சுற்றுத் தேநீர் குடித்து முடித்த பிறகும் சுவரில் வெயில் ஒரு விரற்கடை இறங்கவில்லை. எதிர்வீட்டு தாவியா மாடியில் தக்காளியை அறுத்துக் காயவைத்தபடி கத்தினாள்: "என்ன பொழுதுடா இது! முடியவே கூடாது." பாங்கு சொல்கிறவர் வெளியே வந்து நிழலைப் பார்த்துவிட்டு உள்ளே போனார். மறுபடி வந்து பார்த்தார்.

நான் யோசித்தது தப்பு. சாவு சூரியனைப் பார்த்து வருகிறது. வலி அவள் மூச்சைப் பார்த்து வருகிறது. ஐந்து நாள் முப்பத்தைந்து ஆனது. வலியும் முப்பத்தைந்து. டாக்டர் கொடுத்த மாத்திரை பிற்பகல் அஸர் தொழுகைக்கு முன்பே தீர்ந்துவிட்டது. அத்ராருக்கு ஆள் அனுப்பினேன். அங்கேயும் இல்லையாம்.

"ஏய்யா, இந்த மத்தியானம் எப்பதான் முடியும்?" என்றாள் மஸ்ஊதா.

கடப்பாரையோடு இறங்கினேன். அடைத்த மண் ஒரு துணுக்குக்கூடப் பெயரவில்லை. கடப்பாரைதான் வளைந்தது. சத்தம் கேட்டு இறங்கி வந்த கத்தூர் கல்லைப் பார்த்தான். விரலை நீட்டி எண்ணினான். என் கன்னத்தில் அறைந்தான்.

"அந்தப் பக்கம் எதுவும் அசையாதுடா. மண்ணுல பாதி அங்க மாட்டிக்கிட்டு நிக்குது. எப்படி வரும்?"

"உனக்கு முன்னாடியே தெரியுமா?"

"இதுவரைக்கும் எவனும் அடைச்சதில்ல. எனக்கு எப்படித் தெரியும்?"

மேலே வந்து அவளிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.

"உன்ன யாரு கேட்டா?" என்றாள். வலி வந்து போகும் வரை பல்லைக் கடித்துக்கொண்டிருந்தாள். "அந்த ஆறு பேருக்கும் வலிக்குதா?"

"எல்லாம் நின்னுபோச்சு. வலிக்காது."

"குடுத்து வச்சவளுங்க." சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

நான் மறுபடி மண் பிசைந்தேன். கத்தூர் கிணற்றுவாயில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தான்.

"நம்ம துளையவா?"

"ஆமா."

"ஊரோடவா?"

"ஊரோட."

அவன் எதிர்மாடியைப் பார்த்தான். தாவியா பாடிக்கொண்டே இன்னொரு கூடையைக் கவிழ்த்தாள். தடுப்பான் என்று நினைத்தேன். கயிற்றை எடுத்து என் இடுப்பில் கட்டினான்.

"நின்னா வலிக்காதுன்னு யாருடா உனக்குச் சொன்னா? வலி உச்சத்துல இருக்கறப்ப நின்னா?" முடிச்சை இறுக்கினான். "அந்த ஆறு பேரும் எந்த நேரத்துல நின்னாளுங்கன்னு நீ போய்ப் பாத்தியா?"

பிசைந்த மண்ணை உருட்டிக் கையில் எடுத்துக்கொண்டேன்.

"அவளுக்கு விட்டு விட்டுத்தான் வருது. நான் பக்கத்துல இருந்து பாக்குறேன். நல்லா விட்ட நேரமாப் பாத்துக் கயித்த இழுக்கிறேன். அப்ப அடை. ஒரு நொடி முந்தாத, பிந்தாத."

இறங்கிவிட்டேன். ஒரு கையில் மண் உருண்டை. மறுகை எங்கள் துளையின் விளிம்பில். ஊறல் விரல்களுக்கிடையே ஓடுகிறது. மேலே அவள் கத்துவது இங்கே வரைக்கும் கேட்கிறது. இதோ குறைகிறது. இல்லை, திரும்பவும் ஏறுகிறது.

கயிறு தொய்ந்தே கிடக்கிறது.